கடைசியில் கூப்பிடப்படும் இசையமைப்பாளர்

வேளச்சேரி–தாம்பரம் சாலையிலிருந்து பள்ளிக்கரணைக்குள் பிரியும் தெருக்களில், அடுக்குமாடி வீட்டின் இரண்டாவது படுக்கையறைக்கு ஸ்டூடியோ என்று பெயர் வைத்திருப்பவர்கள் உண்டு. ஒரு கணினி, இரண்டு மானிட்டர் ஸ்பீக்கர், மிடி கீபோர்டு, ஆடியோ இன்டர்ஃபேஸ், கொஞ்சம் செலவழித்து வாங்கிய மைக் ஒன்று. சுவரில் ஃபோம், ஜன்னலை மறைத்துக் கனத்த திரை. பகலில் ஓஎம்ஆர் பக்கம் மென்பொருள் வேலை, இரவில் யாரோ ஒருவரின் குறும்படத்துக்கு ஆர்.ஆர். என்னும் பின்னணி இசை. குரலோ புல்லாங்குழலோ பதிவு செய்ய வேண்டுமென்றால் நள்ளிரவு தாண்டவேண்டும். அதற்கு முன் தண்ணீர் லாரி, போர் மோட்டார், மீனம்பாக்கம் விமானங்கள். மழைக்காலமானால் நள்ளிரவிலும் வழியில்லை, தவளைகள் விடமாட்டா.

சென்னையின் தெற்கு ஓரத்தில் இப்படிப்பட்ட அறைகள் பெருகியதற்குப் பெரிய காரணம் ஏதுமில்லை. வேலை ஓஎம்ஆரில், திரைப்படக் கல்லூரி தரமணியில், ரயில் வேளச்சேரியில். வடபழனிக்குப் போய்த்தான் இசை செய்யவேண்டும் என்ற கட்டாயம் கணினி வந்தபின் போய்விட்டது. குறும்படம், ஆவணப்படம், திருவிழாவுக்கு அனுப்பும் முதல் படம் என்று சுயாதீன சினிமா சார்ந்த இசை இப்போது இத்தகைய அறைகளில்தான் பிறக்கிறது. அந்த இசை ஏன் பல நேரம் ஒன்றுபோலவே கேட்கிறது என்பது நியாயமான கேள்வி. காசில்லை என்பது வழக்கமான பதில். அந்தப் பதிலில் எனக்குப் பாதிச் சம்மதம்தான். தமிழில் சுயாதீனப் படங்களின் இசை வரலாற்றைத் திருப்பிப் பார்த்தால், காசு இல்லாதபோதும் நல்ல இசை வந்திருக்கிறது. இசையமைப்பாளர் எந்தக் கட்டத்தில் படத்துக்குள் வந்தார் என்பதுதான் பெரும்பாலும் முடிவு செய்திருக்கிறது.

முதலில் காசுக் கணக்கைப் பார்த்துவிடலாம். வணிகப் படத்தில் இசை ஒரு வரவு. ஆடியோ உரிமையை ஒரு நிறுவனம் வாங்கும். பாடல்கள் படத்துக்கு முன்பே விளம்பரம் செய்யும். இசையமைப்பாளரின் பெயரே விநியோகஸ்தரிடம் பேசும். பாட்டில்லாத சிறு படத்தில் இசை வெறும் செலவு, அதுவும் கடைசிச் செலவு. படப்பிடிப்பு முடிந்து, எடிட் முடிந்து, கையில் மிஞ்சியது எவ்வளவோ அதை ஒரு தொகையாகச் சொல்லி ‘பேக்கேஜ்’ பேசுவார்கள். பேக்கேஜ் என்றால் இசையமைப்பாளரின் சம்பளம், வாத்தியக்காரர்கள் கூலி, ஸ்டூடியோ வாடகை, மிக்ஸிங் வரை எல்லாம் அந்த ஒரே தொகைக்குள். அதில் ஒரு வயலின் கலைஞரை வரவழைத்தால் அவருக்குக் கொடுப்பது இசையமைப்பாளரின் பையிலிருந்து போகும். ஆகவே வயலின் வராது. சாம்பிள் லைப்ரரி வரும். லண்டனிலோ வியன்னாவிலோ யாரோ வாசித்துப் பதிந்த அதே தந்திக்குழு, உசிலம்பட்டிக் கதைக்கும் வரும், நெதர்லாந்தின் துப்பறியும் தொடருக்கும் வரும். ஒன்றுபோல் கேட்பதில் வியப்பென்ன?

இந்தக் கணக்குக்கு வெளியே வேலை செய்த முன்னோடி எம்.பி.சீனிவாசன். 1960இல் வந்த ‘பாதை தெரியுது பார்’ படத்தை இடதுசாரி நண்பர்கள் கூடி எடுத்தார்கள். இயக்கியவர் வங்காளத்தில் ‘சின்னமூல்’ எடுத்துவிட்டுச் சென்னைக்கு வந்த நிமாய் கோஷ். ஜெயகாந்தன் பாட்டெழுதினார், இசை எம்.பி.எஸ். அந்தக் கூட்டத்தில் இசையமைப்பாளர் தனியாக அமர்த்தப்பட்டவரில்லை. படம் எடுக்கலாம் என்று பேசியவர்களில் ஒருவர். 1977இன் ‘அக்ரஹாரத்தில் கழுதை’யில் இது இன்னும் ஒரு படி மேலே போனது. ஜான் ஆபிரகாம் இயக்கிய, வெங்கட் சாமிநாதன் எழுதிய அந்தப் படத்துக்கு இசையமைத்த எம்.பி.எஸ்., கழுதைக்குட்டியை வளர்க்கும் பேராசிரியராக நடித்தும் இருக்கிறார். காட்சியின் நடுவில் நின்றவனுக்கு அந்தக் காட்சிக்கு எவ்வளவு இசை போதும் என்று தெரிந்திருக்கும் என்று நான் நினைத்துக்கொள்வேன். தமிழில் அவருக்குப் படங்கள் குறைவு. அடூர் கோபாலகிருஷ்ணன் அவரை விடவில்லை: ‘சுயம்வரம்’ (1972), ‘எலிப்பத்தாயம்’ (1981) என்று மலையாளத்தின் மாற்று சினிமாவுக்கு இசைமொழி ஒன்றைச் சென்னைக்காரர் ஒருவர் அமைத்துத் தந்தார். இசை எங்கே நுழைகிறது என்பதைவிட எங்கே விலகுகிறது என்பதே அந்தப் படங்களில் காதில் தங்கும்.

எம்.பி.எஸ். செய்த இன்னொரு காரியமும் இந்தக் கட்டுரைக்கு வேண்டியது. சினிமாவில் வாசிக்கும் இசைக்கலைஞர்களுக்குச் சங்கம் அமைத்தவர் அவர்தான். கால்ஷீட், அதற்குரிய கூலி, அதை வேலை முடிந்தவுடன் கொடுப்பது என்ற நடைமுறைகள் போராடிப் பெறப்பட்டவை. சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவை நடத்தியவரும் அவரே. 1988இல் லட்சத்தீவில், அங்கேயும் சேர்ந்திசை தொடர்பான பயணத்தில் இருந்தபோதுதான் இறந்தார். இன்றைய படுக்கையறை ஸ்டூடியோ எந்தச் சட்டத்தையும் மீறாமலே அந்தச் சங்கத்தின் வேலையை இல்லாமலாக்குகிறது என்பதை அவர் எப்படிப் பார்த்திருப்பார் என்று யோசிக்கத் தோன்றுகிறது.

அடுத்த பெயர் எல்.வைத்தியநாதன். ‘மால்குடி டேஸ்’ தொலைக்காட்சித் தொடரின் இசையால் நாடு முழுக்கத் தெரிந்தவர். வசனமே இல்லாத ‘பேசும் படம்’ (1987) அவருடைய இசையில்தான் நடந்தது. கே.ஹரிஹரனின் ‘ஏழாவது மனிதன்’ (1982) படத்தில் அவர் பாரதியின் பாடல்களுக்கு மெட்டமைத்தார். இதில் ஒரு பொருளாதாரப் பக்கமும் உண்டு. பாரதியின் எழுத்துகள் 1949இலேயே நாட்டுடைமையாகிவிட்டன. ஒரு சிறு படத்துக்குத் தமிழின் தலைசிறந்த பாடலாசிரியர் சம்பளமில்லாமல் கிடைத்தார். நாட்டுடைமையான எழுத்துகள் எத்தனையோ இன்று கையருகில் இருந்தும், சுயாதீன இயக்குநர்கள் அந்தப் பக்கம் திரும்பாதது ஏனென்று எனக்குப் புரிவதில்லை. பாலு மகேந்திராவின் ‘சந்தியா ராக’த்துக்கும் (1989) வைத்தியநாதன்தான்.

அதே பாலு மகேந்திரா அதற்கு முன்னால் ‘வீடு’ (1988) எடுத்தபோது வேறு வழியில் போனார். இளையராஜா 1986இல் வெளியிட்ட ‘ஹவ் டு நேம் இட்’ தொகுப்பின் பகுதிகளையே படத்துக்குப் பின்னணியாக வைத்தார். ஏற்கெனவே இருந்த இசை, படத்துக்கென்று எழுதப்படாதது. ஆனாலும் செங்கல் செங்கலாக எழும் அந்த வீட்டுக்கும் அந்த வயலின்களுக்கும் பொருந்திப்போனது. இப்படிப் பொருந்துவதற்கு இயக்குநருக்கு அந்த இசை முன்பே நெஞ்சில் இருந்திருக்க வேண்டும். ‘அவள் அப்படித்தான்’ (1978) படத்தில் ருத்ரய்யாவுக்கும், ‘மேற்குத் தொடர்ச்சி மலை’யில் (2018) லெனின் பாரதிக்கும் இசை தந்தவர் இளையராஜாவே. பின்னதில் கதை நடக்கும் மலையடிவாரம் அவர் பிறந்து வளர்ந்த பண்ணைப்புரத்தின் பக்கம். ஊரைச் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை. சிறு படங்களுக்கு ஒரு பெரிய மேதையின் தயவு கிடைப்பது தமிழில் ஒரு தனி மரபாகவே இருந்திருக்கிறது. தயவுதான், ஏற்பாடு என்று சொல்ல முடியாது. எல்லா முதல் பட இயக்குநருக்கும் அது வாய்க்காது.

வறுமையில் பிறந்த இசைக்கு உலகம் காட்டும் உதாரணம் ‘பதேர் பாஞ்சாலி’ (1955). ரவிசங்கர் கல்கத்தாவில் இருந்த குறுகிய நேரத்தில் ஒரே இரவில் ஒலிப்பதிவு நடந்தது. போதாத இடங்களில் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவே சிதார் வாசித்தார். துர்காவின் மரணத்துக்காகத் தாய் கதறி அழும் இடத்தில் அழுகைக் குரலை எடுத்துவிட்டு தார் ஷெனாயை வைத்தார் இயக்குநர் சத்யஜித் ராய். காசு தீர்ந்துவிட்ட படத்தில் எடுத்த முடிவு அது. காசோடு அதற்குத் தொடர்பே இல்லை. 1961இன் ‘தீன் கன்யா’ முதல் ராய் தானே இசையமைக்கத் தொடங்கியதும், ஜான் கார்ப்பென்டர் ‘ஹாலோவீன்’ (1978) படத்துக்குத் தானே சிந்தசைசரில் உட்கார்ந்ததும் வேறுவேறு காரணங்களால். இருவரிடமும் இசை கடைசியாக வந்து சேர்ந்த ஒன்றாக இருக்கவில்லை.

சென்னையில் வீட்டு ஸ்டூடியோ என்ற எண்ணத்துக்கு வயது அதிகம். கோடம்பாக்கத்தில் ஏ.ஆர்.ரகுமான் தன் வீட்டோடு சேர்ந்து பஞ்சதன் ரெக்கார்ட் இன் தொடங்கியது 1989இல், ‘ரோஜா’வுக்கு மூன்றாண்டு முன்பு. விளம்பரப் படங்களுக்காகக் கட்டிய கூடம் அது. பெரிய அரங்கில் அறுபது பேரை உட்காரவைத்து ஒரே மூச்சில் பதிவது என்ற முறை அதோடு ஆட்டம் கண்டது. அடுத்த இருபதாண்டில் அந்தக் கூடத்தின் வேலை ஒரு மடிக்கணினிக்குள் வந்துவிட்டது. கலைஞர் தொலைக்காட்சியின் ‘நாளைய இயக்குநர்’ போட்டி வழியாகக் குறும்பட இயக்குநர்கள் படை ஒன்று கிளம்பியபோது, அவர்களோடு லாஜிக், க்யூபேஸ் போன்ற இசை மென்பொருள்கள் தெரிந்த இசையமைப்பாளர்களும் கிளம்பினார்கள். கருவி எல்லோருக்கும் கிடைத்ததை நான் குறைசொல்லமாட்டேன். அது இல்லாவிட்டால் பள்ளிக்கரணைப் பையன் இசையமைப்பாளர் ஆகியிருக்கவே முடியாது.

இதற்கிடையே இசையே வேண்டாம் என்ற முடிவு தமிழில் ஒரு வலுவான போக்காக மாறியது. 1954இலேயே எஸ்.பாலசந்தர் ‘அந்த நாள்’ படத்தில் பாட்டை நீக்கினார், அவரே வீணை வித்வான். அறுபத்துச் சொச்சம் ஆண்டு கழித்து செழியனின் ‘டு லெட்’ பின்னணி இசையையும் நீக்கியது. மேற்கத்திய செவ்வியல் இசையைத் தமிழில் கற்பிக்கும் நூல்களை எழுதியவர் செழியன். இசை தெரியாமல் விட்டவரல்ல. 2007இன் சென்னையில், ஐ.டி. சம்பளங்கள் வாடகையை ஏற்றிவிட்ட நேரத்தில், வீடு தேடி அலையும் குடும்பத்தின் கதையை ஃபேன் சத்தமும் கதவுச் சத்தமும் பக்கத்து வீட்டு டிவியுமே சொல்லின. ஒலி வடிவமைப்பு தபஸ் நாயக். ரோட்டர்டாமில் 2021இல் டைகர் விருது பெற்ற பி.எஸ்.வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ படத்தில் யுவன் சங்கர் ராஜாவின் பெயர் இருக்கிறது, இசை மிக அரிதாகவே இருக்கிறது. வினோத்ராஜின் ‘கொட்டுக்காளி’ (2024) முற்றாகவே விட்டுவிட்டது: ஷேர் ஆட்டோவின் இரைச்சல், சேவல், மைக்செட் பாட்டு, பேசாத பெண்ணின் மௌனம். கோவையில் நடக்கும் அருண் கார்த்திக்கின் ‘நசீர்’ (2020) படத்தில் ஒலிபெருக்கியிலிருந்து வரும் வெறுப்புப் பேச்சு பின்னணி இசை செய்யவேண்டிய வேலையைச் செய்கிறது. மெல்ல மெல்ல, நாயகன் கவனிக்காமலே, அது படத்தைச் சூழ்ந்துகொள்கிறது.

இவை நல்ல படங்கள். ஆனால் இவற்றுக்குப் பின்னால் வந்த ஒரு பழக்கத்தை நான் சந்தேகிக்கிறேன். இசை இல்லாவிட்டால் திருவிழாவில் எடுபடும் என்று ஒரு நம்பிக்கை; இசைக்கு ஒதுக்கப் பணமில்லாததை அழகியலாக மாற்றிச் சொல்லும் வசதி. மௌனம் மலிவானது என்று எண்ணுபவர்கள் ‘கொட்டுக்காளி’ போன்ற படத்தின் ஒலிப்பதிவுக்குப் பட்ட பாட்டை நினைத்துப் பார்க்கவேண்டும். ஓடும் வண்டிக்குள் சிங்க் சவுண்டு (படப்பிடிப்பிலேயே பதியும் ஒலி) எடுக்கத் தேர்ந்த ஆள் வேண்டும், ஒத்திகை வேண்டும், தெருவை அடக்க ஆட்கள் வேண்டும், பிறகு ஒவ்வொரு அடுக்காக ஒலி வடிவமைப்பு வேண்டும். அது இல்லாத மௌனம் வெறும் ஓட்டை. சாம்பிள் வயலினை வைத்து மூடியிருந்தாலாவது பார்வையாளருக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

இசையும் வேண்டும், வணிக வாசனையும் வேண்டாம் என்றவர்கள் கண்ட வழி, சினிமாவுக்கு வெளியே வளர்ந்த பாடகர்களிடம் போவது. அருண் பிரபு புருஷோத்தமனின் ‘அருவி’க்கு (2017) பிந்து மாலினியும் வேதாந்த் பரத்வாஜும் இசையமைத்தார்கள், கபீரைப் பாடிக்கொண்டிருந்தவர்கள். எய்ட்ஸ், அவமானம், நையாண்டி என்று தாவும் படத்தில் அவர்கள் குரலில் இருந்த வெளிச்சம் வழக்கமான சோக வயலினுக்கு வராது. பெருமாள் முருகனின் கதையிலிருந்து இயக்குநர் தமிழ் எடுத்த ‘சேத்துமான்’ (2022) படத்துக்கும் பிந்து மாலினிதான். கன்னட ‘நாதிசராமி’யில் அவரே இசையமைத்துப் பாடிய பாட்டுக்கு தேசிய விருது கிடைத்தது. சினிமாவுக்குள் இருந்தவர்களையே நாடியவர்களும் உண்டு: லீனா மணிமேகலை பொதுமக்களிடம் நிதி திரட்டி எடுத்த ‘மாடத்தி’க்குக் கார்த்திக் ராஜா, கனவில் நடக்கும் ‘குதிரைவால்’ படத்துக்குப் பிரதீப் குமார். இவர்கள் பாணியில் ஒற்றுமை இல்லை. எதுவும் வேறொரு படத்தைப் பார்த்துப் பிறந்ததாகக் கேட்கவில்லை என்பதே ஒற்றுமை.

அப்படிப் பிறப்பவை நிறைய என்பதற்குக் காரணம் டெம்ப் டிராக். எடிட் மேசையில் தற்காலிகமாக ஒரு இசையை வைத்து வெட்டுகிறார்கள்: ஹான்ஸ் சிம்மர், யோஹான் யோஹான்சன், சிலசமயம் இளையராஜாவே. மூன்று மாதம் அதையே கேட்டுக் கேட்டு இயக்குநருக்கு அதன்மேல் காதல் வந்துவிடும். பிறகு பள்ளிக்கரணை அறையில் இருப்பவரிடம் பிக்சர் லாக்கை, அதாவது இனி மாறாத எடிட்டை, கொடுத்து, இதேபோல வேண்டும், ஆனால் இது வேண்டாம் என்பார். வெட்டுகள் அந்தப் பழைய இசையின் தாளத்தில் உட்கார்ந்திருக்கும். பத்து நாளில் முடிக்கவேண்டும், சிம்மரின் பட்ஜெட்டில் நூறில் ஒரு பங்குகூட இல்லாமல். இங்கே தோற்பவரை எனக்குத் திட்ட மனம் வருவதில்லை.

வெளிநாட்டுப் பணம் வந்தால் இந்தச் சிக்கல் வேறு உடை போட்டு வருகிறது. ஷோபாசக்தி நடித்த, கான் விழாவில் தங்கப்பனை வென்ற ‘தீபன்’ (2015) படத்துக்கு இசை நிகோலஸ் ஜார், மின்னணு இசைக்காரர். பாரிஸ் புறநகரில் தவிக்கும் ஈழத்தமிழரின் படத்தில் வீணையைக் கொண்டுவந்து ஒட்டாதது அவருடைய நேர்மை. முதுமலையில் எடுத்து 2023இல் ஆஸ்கர் பெற்ற ‘தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்’ ஆவணப்படத்துக்கு ஸ்வென் ஃபால்கனரின் இசை. இதமான, கைதேர்ந்த இசைதான். ஆனால் பொம்மனும் பெள்ளியும் பேசும் காட்டின் காதுக்குரிய குணம் எதையும் நான் அதில் கேட்கவில்லை. எந்தக் கண்டத்துக் குட்டியானைக்கும் அது பொருந்தும்.

இசை முதலில் வந்து படம் அதன்பின் போன ஒரு உதாரணம் சென்னையிலேயே உண்டு. டி.எம்.கிருஷ்ணா பாடிய ‘சென்னை புறம்போக்குப் பாடல்’ (2017). கபேர் வாசுகி பேச்சுத்தமிழில் எழுதியதை ராகமாலிகையாக அமைத்து, எண்ணூர்க் கழிமுகத்தில் எடுத்த காணொளி. சில நிமிடப் படம்தான். ஆனால் சாம்பல் கொட்டும் நிலத்தில் நின்று ஆனந்தபைரவி பாடினால் என்ன ஆகும் என்ற கேள்வியே அதன் திரைக்கதை. எண்ணூர் வடக்கே இருக்கிறது. தெற்கே பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்துக்கும் அதே கதிதான் நேர்ந்தது. தரிசு என்று கருதிக் குப்பை கொட்டினார்கள், கட்டடம் கட்டினார்கள். 2022இல் 1,247 ஹெக்டேர் ராம்சர் தலமாயிற்று, அதாவது உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலம். பெருங்குடிக் குப்பைமேட்டை ஒட்டியே பூநாரையும் நீலத் தாழைக்கோழியும் கூழைக்கடாவும். இந்தச் சதுப்பு நிலத்தைப் பற்றி எடுக்கப்படும் சிறு ஆவணப்படங்களில் நான் கேட்பதெல்லாம் ஒரு பியானோ, அதன்மேல் நூலகத்திலிருந்து எடுத்த ஏதோ ஐரோப்பியப் பறவை. இசையமைப்பாளரின் ஜன்னலுக்கு வெளியே தவளை கத்துகிறது. அதைத் தடுக்கத்தான் ஃபோம் ஒட்டியிருக்கிறார். ஒரு நாள் மைக்கை வெளியே திருப்பியிருந்தால் அந்தப் படத்துக்கு வேறு எங்கும் கிடைக்காத சுருதி ஒன்று கிடைத்திருக்கும்.

சட்டம் பற்றிச் சொல்லாமல் முடிக்க முடியாது, ஏனென்றால் அந்த அறைகளில் இருப்பவர்கள் பலரும் அதைப் படிக்காமலே கையெழுத்துப் போடுகிறார்கள். காப்புரிமைச் சட்டத்தின் 2012 திருத்தப்படி, உரிமையைத் தயாரிப்பாளருக்கு எழுதிக்கொடுத்தாலும், திரையரங்கில் படத்தோடு காட்டுவது தவிர்த்த மற்றப் பயன்பாடுகளில் இசையமைப்பாளருக்கு ராயல்டியில் சம பங்கு உண்டு. அதை ஒப்பந்தத்தில் விட்டுக்கொடுத்தாலும் செல்லாது. வாரிசுகளுக்கோ வசூல் செய்துதரும் காப்புரிமைச் சங்கத்துக்கோ மட்டுமே மாற்றலாம். அந்தச் சங்கமான ஐபிஆர்எஸ் 2017இல் மீண்டும் பதிவு பெற்றது. சிறு படம் திரையரங்கில் ஒரு வாரம் ஓடும், ஓடிடியிலும் தொலைக்காட்சியிலும் பல வருஷம் கிடக்கும். ஆக ராயல்டி வரக்கூடிய இடமே அதுதான். அதற்கு எந்த நிமிடத்தில் எந்த இசைத்துண்டு என்று க்யூ ஷீட் எழுதிக்கொடுக்க வேண்டும். ஒரு பிற்பகல் வேலை. இயக்குநர்களுக்கும் ஒரு பாடம் உண்டு: டீக்கடைக் காட்சியில் பழைய பாட்டு ஓடினாலும் அதற்கு அனுமதி வேண்டும். 2024இல் ‘மஞ்சும்மல் பாய்ஸ்’ படத்துக்குக் ‘குணா’ பாட்டுக்காக இளையராஜா தரப்பிலிருந்து நோட்டீஸ் போனது எல்லோருக்கும் தெரியும். பெரிய படம் சமாளிக்கும். சின்னப் படம் திருவிழாவிலேயே நின்றுபோகும்.

செயற்கை நுண்ணறிவு இப்போது இரண்டு வரி விவரம் கொடுத்தால் மூன்று நிமிட இசை தருகிறது. பேக்கேஜ் பேசும் தயாரிப்பாளருக்கு அது வரம்தான். அடுத்த இரண்டு மூன்று ஆண்டில் குறும்பட இசையில் பெரும்பகுதியை அது எடுத்துக்கொள்ளும் என்று நினைக்கிறேன். லைப்ரரி வயலினையும் டெம்ப் டிராக்கையும் நம்பிச் செய்த வேலை ஏற்கெனவே பாதி இயந்திர வேலைதான். ஒரு படத்துக்கென்று மட்டும் பிறந்த இசைக்கு அதனிடம் வழியில்லை, அத்தகைய இசைக்குத் திரைக்கதை கையெழுத்துப் பிரதியாக இருக்கும்போதே ஒருவர் படித்திருக்க வேண்டும்.

பணம் சார்ந்து எனக்குத் தெரிந்த நடைமுறை யோசனை ஒன்றே ஒன்று: பேக்கேஜை உடைப்பது. இசையமைப்பாளரின் சம்பளம் தனி, வாத்தியக்காரர்களின் கூலி தனி வரி. முழு வாத்தியக்குழு வேண்டாம். அந்தப் படத்தின் ஊரிலிருந்து ஒரு நாயனக்காரரோ உறுமிக்காரரோ, ஒரு நாள், முழுக் கூலியோடு. அந்த வரியைப் படப்பிடிப்புக்கு முன்பே பட்ஜெட்டில் எழுதிவிட வேண்டும். எடிட் முடிந்தபின் எழுதலாம் என்று விட்டால், அந்தப் பணம் கலர் கிரேடிங்குக்குப் போயிருக்கும்.